பதிவேடுகளில் ஒரு குருவானவரின் பணிவாழ்வு

வன்னியில் கிறிஸ்தவக் குருமாரைப் பற்றிப் பேச்செடுத்தால் மடு மாதா ஆலயமும் கத்தோலிக்கக் குருமாருமே முதலில் நினைவுக்கு வருவார்கள். அது இயல்பானதுதான். அவர்களுடைய சபை பெரிது. போர்க்காலத்தில் மக்களோடு கடைசிவரை நின்றதற்காக அவர்கள் கொடுத்த விலையும் பெரிது. ஆயினும் வவுனியாவிலும் கிளிநொச்சியிலும் அவற்றைச் சூழ்ந்த ஊர்களிலும் இங்கிலாந்துத் திருச்சபையின் வழிவந்த சிறிய அங்கிலிக்கன் சபைகள் இருக்கின்றன என்பதும், அவற்றுக்கென்று வந்து தம் ஆயுளின் பெரும்பகுதியை இங்கே கழித்த குருமார் இருந்தார்கள் என்பதும் வன்னியில் பிறந்து வளர்ந்த பலருக்கே தெரியாது. அவர்களுள் ஒருவரை எனக்கு நன்றாகத் தெரியும். தம் பெயரை எழுத வேண்டாம் என்று அவர் கேட்டுக்கொண்டிருக்கிறார். ஆகையால் இங்கும் பாதர் என்றே குறிப்பிடுகிறேன். சைவக் குடும்பங்களைச் சேர்ந்த நாங்களும் அவரை அப்படித்தான் அழைத்து வந்தோம்.

பாதர் இப்போது ஓய்வுபெற்றுவிட்டார். அவரிடமுள்ள ஞானஸ்நானப் பதிவேட்டுப் பிரதிகளைக் கணினியில் ஏற்றும் வேலையில் அவருக்கு உதவி வருகிறேன். அந்த வேலைதான் இதை எழுதத் தூண்டியது. ஒரு குருவானவரின் வரலாற்றை ஆலய விழா மலர்களில் ஒரு பத்தியில் முடித்துவிடுவது நம்மிடையே வழக்கம்: இன்ன ஆண்டு உதவிக்குருவானார், இன்ன ஆண்டு குருவானார், இன்னின்ன ஆலயங்களில் பணியாற்றினார், இன்ன ஆண்டு இளைப்பாறினார். பாதரைப் பற்றியும் அப்படியொரு பத்தி அச்சாகியிருக்கிறது. அதில் பிழையான செய்தி ஒன்றுமில்லை. ஆனால் அவர் செய்த வேலை இன்னதென்று அதைப் படிப்பவருக்கு விளங்காது. பதிவேட்டைப் படிப்பவருக்கு விளங்கும்.

ஞானஸ்நானத்தையும் திருமணத்தையும் அடக்கத்தையும் ஒவ்வோர் ஆலயமும் எழுதி வைக்க வேண்டும் என்ற கட்டளை இங்கிலாந்துத் திருச்சபையில் 1538 ஆம் ஆண்டிலேயே பிறந்துவிட்டது. எட்டாம் ஹென்றி அரசரின் அமைச்சர் தாமஸ் குரோம்வெல் பிறப்பித்த கட்டளை அது. அந்த வழக்கம் மிஷனரிமாரோடு இலங்கைக்கும் வந்தது. பாதரின் பதிவேட்டில் பிள்ளையின் பெயர், பிறந்த நாள், ஞானஸ்நான நாள், தாய் தந்தையர் பெயர், வசிப்பிடம், தந்தையின் தொழில், ஞானப்பெற்றோர், ஞானஸ்நானம் கொடுத்தவரின் ஒப்பம் என்று நிரல்கள் இருக்கின்றன. வசிப்பிடம், தொழில் என்னும் இரண்டு நிரல்களை மட்டும் மேலிருந்து கீழாகப் படித்துக்கொண்டு போனாலே வன்னியின் அரை நூற்றாண்டு கண்ணுக்கு முன் வந்துவிடுகிறது. முதற் பக்கங்களில் தகப்பன்மார் பெரும்பாலும் கூலித் தொழிலாளர். சில பக்கங்கள் தள்ளி அதே குடும்பங்களில் கமக்காரர் வருகிறார்கள். பிறகு வசிப்பிடத்தில் ஊர்ப்பெயருக்குப் பதிலாக ஒரு பாடசாலையின் பெயரோ முகாமின் பெயரோ வரத் தொடங்குகிறது.

இந்தச் சபைகளின் மக்கள் யார் என்பதைச் சொல்லாமல் பாதரின் கதையைச் சொல்ல முடியாது. இங்கிலாந்தின் சர்ச் மிஷனரி சங்கத்து (சி.எம்.எஸ்.) மிஷனரிமார் 1818 ஆம் ஆண்டில் இலங்கைக்கு வந்தார்கள். அவர்களுள் ஜோசப் நைட் என்பவர் நல்லூரில் பணியைத் தொடங்கினார். நல்லூரும் சுண்டிக்குளியும் வடக்கின் அங்கிலிக்கன் மையங்களானது அவ்வாறுதான். ஆனால் கிளிநொச்சிப் பக்கத்துச் சபைகளின் வேர்களில் ஒரு பெரிய வேர் மலையகத்தில் இருக்கிறது. கோப்பித் தோட்டங்களுக்கு வந்த தமிழ்த் தொழிலாளரிடையே பணியாற்றுவதற்காக 1854 ஆம் ஆண்டில், தோட்டத் துரைமார் சிலரின் உதவியோடு சி.எம்.எஸ். ஒரு மிஷனைத் தொடங்கியது. தமிழ்நாட்டுத் திருநெல்வேலியிலிருந்து வந்த உபதேசியார்கள் தோட்டம் தோட்டமாக நடந்து, தொழிலாளரின் வரிசை வீடுகளான லயங்களில் ஜெபக்கூட்டம் நடத்தினார்கள். அப்படி உருவான குடும்பங்களின் பிள்ளைகளும் பேரப்பிள்ளைகளும் 1958, 1977, 1983 ஆம் ஆண்டுகளின் வன்செயல்களுக்குப் பின்னர் தோட்டங்களை விட்டு வன்னிக்கு வந்து காடு வெட்டிக் குடியேறியபோது, தம்முடைய ஜெபப்புத்தகங்களையும் கீர்த்தனைகளையும் கொண்டு வந்தார்கள். நல்லூரில் தொடங்கிய சபையும் தோட்டத்து லயத்தில் தொடங்கிய சபையும் ஒரே ஆலயத்தில் அருகருகே அமர்ந்து ஆராதித்த இடம் வன்னி. அந்த அருகருகே அமர்தல் எளிதாக நடந்துவிடவில்லை என்று பாதர் சொல்வார். யாழ்ப்பாணத்திலிருந்து வந்தவர் யார், தோட்டத்திலிருந்து வந்தவர் யார் என்ற கணக்கு ஆலய வாசலோடு நின்றுவிடுவதில்லை.

பாதரும் மாத்தளைப் பக்கத்துத் தோட்டமொன்றில் பிறந்தவர். அந்தப் பகுதி குருநாகல் மறைமாவட்டத்தைச் சேர்ந்தது. எழுபதுகளின் தொடக்கத்தில் அவருக்குத் திடப்படுத்தல் (ஞானஸ்நானம் பெற்றவரைப் பேராயர் கைவைத்து விசுவாசத்தில் உறுதிப்படுத்தும் சடங்கு) அளித்தவர் பேராயர் லக்ஷ்மன் விக்கிரமசிங்க. தமது 35 ஆவது வயதில், 1962 ஆம் ஆண்டில் குருநாகல் பேராயரான அவர், மனித உரிமைக்காகவும் தமிழருக்கு இழைக்கப்பட்ட அநீதிக்கெதிராகவும் வெளிப்படையாகப் பேசிய சிங்களவர். 1983 ஜூலை வன்செயலுக்குப் பின் பாதிக்கப்பட்டோரைத் தேடிச் சென்று பார்த்தார். சிங்களக் கிறிஸ்தவர்கள் வெட்கமடைந்து தமிழரிடம் மன்னிப்புக் கேட்க வேண்டும் என்று தம் சபைக்கு எழுதினார். அதே ஆண்டு ஒக்ரோபர் 23 ஆம் திகதி காலமானார். குருவாக வேண்டும் என்ற எண்ணம் தமக்கு எப்போது வந்தது என்று கேட்டால் பாதர் தம் தாயாரின் ஜெபத்தைச் சொல்வார், அடுத்ததாக இந்தப் பேராயரைச் சொல்வார். தலையில் கைவைத்து ஆசீர்வதித்த அந்தப் பெரிய மனிதர் பிறகு தம் தகப்பனாருக்கு அருகில் இருந்து தோட்டத்துச் சம்பளக் கணக்கை விசாரித்தாராம். 1977 ஓகஸ்ட்டில் அந்தக் குடும்பம் வீட்டை விட்டு ஓடி, ஒரு வாரத்துக்குப் பின் கிளிநொச்சிக்கு வந்து சேர்ந்தது.

இங்கு வந்தபின் பாதர் சில ஆண்டுகள் பிறருடைய வயல்களில் கூலிக்கு வேலை செய்தார். மாலையில் ஒரு மரநிழலில் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக் கொடுத்தார். ஞாயிறு பாடசாலை நடத்தினார். குருவானவர் வர முடியாத ஞாயிறுகளில் காலை ஜெபத்தை வாசித்தார். அங்கிலிக்கன் சபையில் ஒருவர் தாமாகவே குருவாகிவிட முடியாது. சபையும் அதன் குருவானவரும் பரிந்துரைக்க வேண்டும். பேராயர் நியமித்த குழு அவரைச் சோதித்துப் பார்க்க வேண்டும். பிறகு இறையியற் கல்லூரி. எண்பதுகளின் நடுப்பகுதியில் அவர் பிலிமத்தலாவையில் உள்ள இலங்கை இறையியற் கல்லூரிக்குச் சென்றார். 1963 இல் அங்கிலிக்கன், மெதடிஸ்த சபைகளும் வேறு சபைகளும் சேர்ந்து நிறுவிய கல்லூரி அது. சிங்களத்திலும் தமிழிலும் அங்கு கற்பிக்கப்படுகிறது. நாடு முழுவதும் இரண்டாகப் பிளந்துகொண்டிருந்த காலத்தில் ஒரே சாப்பாட்டு மேசையில் இரு மொழி மாணவரும் இருந்து சாப்பிட்ட அனுபவத்தை அவர் இன்றும் பெரிதாகச் சொல்வார். அங்கே கற்ற சிங்களம் பிற்காலத்தில் சோதனைச் சாவடிகளில் பல பிள்ளைகளைக் காப்பாற்றியது.

குருத்துவத்துக்கு மூன்று படிகள் உண்டு: உதவிக்குரு, குரு, பேராயர். பழைய ஜெபப்புத்தகத்தின் விதிப்படி 23 வயதுக்கு முன் உதவிக்குருவாகவோ 24 வயதுக்கு முன் குருவாகவோ எவரையும் அபிஷேகம் பண்ணக்கூடாது. உதவிக்குரு தோளில் அணியும் பட்டையை இடத்தோளிலிருந்து குறுக்காக அணிவார். குரு கழுத்தைச் சுற்றி இருபுறமும் தொங்க அணிவார். உதவிக்குரு ஞானஸ்நானம் கொடுக்கலாம், பிரசங்கிக்கலாம், அடக்கம் நடத்தலாம். ஆனால் திருவிருந்தின் அப்பத்தையும் இரசத்தையும் அர்ப்பணிக்கவோ பாவமன்னிப்பை உரைக்கவோ அவருக்கு அதிகாரம் இல்லை. பாதர் எண்பதுகளின் இறுதியில் கொழும்புப் பேராலயத்தில் உதவிக்குருவாகவும், அடுத்து குருவாகவும் அபிஷேகம் பெற்றார். கொழும்பில் என்பதற்குக் காரணம் உண்டு. 1947 இல் தென்னிந்தியத் திருச்சபை உருவானபோது அமெரிக்க மிஷன் வழிவந்த யாழ்ப்பாணச் சபைகள் அதில் இணைந்தன. அங்கிலிக்கன் சபைகள் இணையவில்லை. ஆகையால் வடக்கில் உள்ள அங்கிலிக்கன் ஆலயங்கள் இன்றும் கொழும்புப் பேராயரின் கீழ் இருக்கின்றன. போர்க்காலத்தில் இதன் பொருள், வன்னியில் இருந்த குரு ஒருவர் தம் பேராயரைக் காண்பதற்கு இரண்டு படைகளின் அனுமதியைப் பெற வேண்டும் என்பதாகும்.

யாழ்ப்பாணத்தில் சில காலம் துணைக்குருவாக இருந்துவிட்டுத் தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அவர் வன்னிக்கு நியமனம் பெற்று வந்தார். அப்போது அவருக்கு ஒரு சைக்கிளும் மூன்று ஆலயங்களும் இருந்தன. ஆலயம் என்று சொன்னாலும் அவற்றுள் ஒன்று ஓலைக் கொட்டில். அரசாங்கம் எரிபொருளுக்கும் சீமெந்துக்கும் மருந்துக்கும் தடை விதித்திருந்த காலம். திருவிருந்துக்கான முந்திரிகை இரசம் கொழும்பிலிருந்து வருவது நின்றுபோனது. முந்திரிகை வத்தலை ஊறவைத்துக் காய்ச்சி வடித்த சாற்றைக் கொண்டு அவர் ஆராதனை நடத்தினார். வத்தலும் கிடைக்காத மாதங்களில் திருவிருந்தை நிறுத்திவிட்டுக் காலை ஜெபத்தோடு முடித்துக்கொண்டார். வேறு பழச்சாற்றைப் பயன்படுத்தியிருக்கலாமே என்று ஒருமுறை கேட்டேன். “இந்தச் சனத்திட்ட எல்லாத்தையும் பறிச்சுப்போட்டாங்கள், பிள்ளை. திருவிருந்திலயும் நான் குறைச்சுக் குடுக்கக் கூடாது” என்றார். அந்த விடையை நான் முழுமையாக ஏற்கிறேன். விதியைப் பிடித்துக்கொண்டிருக்கும் பிடிவாதமாக அது சிலருக்குத் தோன்றலாம். இருப்பதைக் கொண்டு சமாளியுங்கள் என்று எல்லோராலும் சொல்லப்பட்டுக்கொண்டிருந்த மக்களுக்கு, குறைவற்ற ஒன்றைத் தர வேண்டும் என்று ஒருவர் நினைத்தது எவ்வளவு பெரிய மரியாதை என்பதை அந்தக் காலத்தில் வாழ்ந்தவர்கள் அறிவார்கள்.

காலபோக அறுவடை முடிந்தபின் வரும் அறுவடை விழா அவருடைய சபைகளில் ஆண்டின் பெரிய நாள். நெல், பூசணி, தேன், கோழி என்று கிடைத்ததையெல்லாம் கொண்டு வந்து வைப்பார்கள். ஆராதனைக்குப் பின் அவை ஏலம் போகும். சைவர்களும் வந்து ஏலம் கேட்பார்கள். என் அப்பா ஒவ்வோர் ஆண்டும் தவறாமல் போவார். ஏலத்தில் வரும் பணம் எந்தச் சமயத்துப் பிள்ளையின் கொப்பிக்கும் போகும் என்பது ஊருக்கே தெரிந்திருந்தது.

1996 ஆம் ஆண்டில் சத்ஜய என்ற படை நடவடிக்கையில் கிளிநொச்சி நகரம் இராணுவத்தின் கைக்குப் போனது. மக்கள் அக்கராயனுக்கும் ஸ்கந்தபுரத்துக்கும் மல்லாவிக்கும் இடம்பெயர்ந்தார்கள். பாதர் எடுத்துச் சென்றவை அப்பத்தட்டும் பாத்திரமும், ஒரு வேதாகமமும், பொலித்தீனில் சுற்றி உரப்பையில் இட்ட பதிவேடுகளுமே. அந்த ஆண்டின் பக்கங்களில் மை நீரில் கரைந்த இடங்கள் இருக்கின்றன. வசிப்பிட நிரலில் அவர் முகாம் என்று மட்டும் எழுதவில்லை. பிள்ளையின் குடும்பம் எந்த ஊரிலிருந்து வந்தது, இப்போது எங்கே இருக்கிறது என்று இரண்டையும் எழுதியிருக்கிறார். திரும்பிப் போவார்கள் என்று அவர் நம்பியதால் அப்படி எழுதினாரா என்று கேட்டதற்கு, திரும்பிப் போகும்போது காணி யாருடையது என்று கேள்வி வரும், அதற்கு ஒரு சாட்சி இருக்கட்டும் என்று எழுதினேன் என்றார். மலேரியா பரவிய அந்த மாரியில் அடக்கப் பதிவேட்டில் குழந்தைகளின் பெயர்கள் அடுத்தடுத்து வருகின்றன. அந்தப் பக்கங்களை இன்னும் நாங்கள் தட்டச்சு செய்யவில்லை.

இடம்பெயர்ந்த அந்த ஆண்டுகளில்தான் அவர் பதிவேடுகளைக் கையால் பிரதியெடுக்கத் தொடங்கினார். இரவில் குப்பி விளக்கில், பாடசாலைக் கொப்பிகளில். மூலப் பதிவேட்டின் ஒவ்வொரு வரியும், அழிந்த எழுத்தைக் காட்டும் புள்ளிகளோடு, அவருடைய சரிந்த கையெழுத்தில் இருக்கிறது.

அவருடைய மனைவியைப் பற்றி இங்கே எழுதாமல் விட்டால் நான் நன்றியற்றவளாவேன். அங்கிலிக்கன் குருமார் திருமணம் செய்யலாம்; அதனால் ஒருவருக்குக் கிடைக்கும் நியமனம் இருவருக்கான நியமனமாகிவிடுகிறது. ரீச்சர் அரசாங்கப் பாடசாலையில் கற்பித்தார், தாய்மார் சங்கத்தை நடத்தினார், குருமனைக்கு எந்நேரமும் வந்த சனத்துக்கு உலை வைத்தார், கணவர் எல்லை தாண்டிப் போயிருந்த நாட்களில் சபையையும் பார்த்துக்கொண்டார். பாதர் மலையகத்துக்கு மாற்றலாகிச் சென்ற காலத்தில் பிள்ளைகளின் படிப்புக்காக அவர் கிளிநொச்சியிலேயே தங்கினார். விழா மலரின் பத்தியில் அவருக்குக் கிடைத்தது “துணைவியாருடன்” என்ற ஒரு சொல். எந்தச் சபையாக இருந்தாலும், குருமாரின் வரலாற்றை எழுத வருபவர்கள் இதைத் திருத்திக்கொள்ள வேண்டும்.

2002 பெப்ரவரியில் போர்நிறுத்த உடன்படிக்கை வந்து, ஏ9 வீதி திறந்தபின் பழைய இடத்தில் ஆலயம் மீண்டும் எழுந்தது. அந்த ஆண்டுகளின் திருமணப் பதிவேடு தடித்திருக்கிறது. ஒத்திவைக்கப்பட்ட கலியாணங்கள் எல்லாம் அப்போது நடந்தன. 2006 ஓகஸ்ட்டில் வீதி மூடப்படுவதற்குச் சற்று முன்னர் பாதர் வவுனியாவுக்கு மாற்றப்பட்டார். மூலப் பதிவேடுகளைச் சபையிலேயே விட்டுவிட்டுத் தம் கைப்பிரதிகளை மட்டும் கொண்டு சென்றார். 2009 ஜனவரி 2 ஆம் திகதி கிளிநொச்சி மீண்டும் இராணுவத்தின் கைக்குப் போனது. கிழக்கு நோக்கி நகர்ந்த மக்களோடு மூலப் பதிவேடுகளும் போயின. அவை திரும்பி வரவில்லை.

அந்த ஆண்டின் நடுவில் மூன்று இலட்சத்துக்குக் கிட்டிய மக்கள் செட்டிகுளம் மெனிக் பாம் முகாமிலும் வேறு முகாம்களிலும் அடைக்கப்பட்டார்கள். குருமாருக்குக் கூட உள்ளே செல்ல அனுமதி எளிதில் கிடைக்கவில்லை. கிடைத்தபோது பாதர் கொண்டு சென்றவை சவர்க்காரமும் பால்மாவும், அவற்றோடு அந்தக் கொப்பிகளும். கம்பி வேலிக்கு அருகே நின்று பெயர்களை வாசித்தாராம். பெயர் வாசிக்கப்பட்டவர்களில் யார் உயிரோடிருக்கிறார்கள், எந்த வலயத்தில் இருக்கிறார்கள், யாரைக் காணவில்லை என்று மக்கள் சொல்லச் சொல்ல, பிரதியின் ஓரத்தில் பென்சிலால் குறித்தார். நாங்கள் தட்டச்சு செய்யும்போது அந்தப் பென்சில் குறிப்புகளையும் தனி நிரலாகச் சேர்க்கிறோம்.

மீள்குடியேற்றத்துக்குப் பின் அந்தக் கொப்பிகளுக்கு இன்னொரு பயன் வந்தது. பிறப்புச் சான்றிதழும் அடையாள அட்டையும் இல்லாமல் ஆயிரக்கணக்கானோர் நின்றார்கள். மூலப் பதிவு அழிந்த இடங்களில், காலங்கடந்த பிறப்புப் பதிவுக்கு விண்ணப்பிப்போர் ஞானஸ்நானச் சான்றிதழையும் துணை ஆவணமாகக் காட்டலாம். பாதர் தம் பிரதியிலிருந்து சான்றிதழ் எழுதிக் கொடுத்தார். பிரதேச செயலகத்தில் கேள்வி எழுந்தால் தாமே பஸ்ஸேறிப் போய் விளக்கினார். ஒரு அலுவலகத்தில், கையெழுத்துக் கொப்பியை ஏற்க முடியாது என்று அவரைத் திருப்பி அனுப்பினார்கள். அவர் பேராயரின் கடிதத்தோடு மீண்டும் போனார். சாதாரண தரப் பரீட்சைக்கு அடையாள அட்டை இல்லாமல் நின்ற பிள்ளைகள் அதனால் பரீட்சை எழுதினார்கள். அவர்களுள் ஒருத்தி இன்று என்னோடு கற்பிக்கிறாள்.

இப்போது அவர் வாடகை வீடொன்றில் இருக்கிறார். குருமனைகளில் வாழ்ந்து முடித்தவருக்குச் சொந்தமாக வீடு இல்லை. இளைப்பாறும் குருமாரின் இருப்பிடத்தைப் பற்றிச் சபை இன்னும் கூடுதலாகச் சிந்திக்க வேண்டும் என்பது என் கருத்து, அவர் இதை ஒருபோதும் கேட்க மாட்டார். சபையின் இளங்குருவானவர் வெளியூர் சென்றால் அழைப்பு வரும். பாதர் போய்த் திருவிருந்தை நடத்திவிட்டு வருவார். கண்பார்வை மங்கிவிட்டதால், கொப்பியில் எனக்கு விளங்காத பெயரை நான் எழுத்தெழுத்தாகச் சொல்ல, அவர் அந்தப் பிள்ளையின் பாட்டன் பெயரோடு சேர்த்துத் திருத்துவார்.

ஞானஸ்நானப் பதிவேட்டின் பெரும்பகுதி கணினியில் ஏறிவிட்டது. திருமணப் பதிவேட்டைத் தொடங்கியிருக்கிறோம். தொண்ணூறுகளின் இரண்டு கொப்பிகள் கரையானுக்கு இரையானதால் அங்கே இடைவெளி இருக்கிறது. கிளிநொச்சி, அக்கராயன், ஸ்கந்தபுரம் பக்கங்களில் அந்த ஆண்டுகளில் ஞானஸ்நானமோ திருமணமோ பெற்றவர்கள், தம்மிடம் பழைய சான்றிதழ் இருந்தால் அதன் படமொன்றை எடுத்துத் தம் சபைக் குருவானவரிடம் கொடுத்துவையுங்கள். வெளிநாட்டில் இருப்பவர்கள் ஊரிலுள்ள உறவினர் வழியாக அனுப்பலாம். சான்றிதழ் இல்லாதவர்கள் நாளையும் ஞானப்பெற்றோரின் பெயர்களையும் நினைவில் உள்ளபடி எழுதிக் கொடுத்தாலும் போதும். சரிபார்க்கும் வேலையைப் பாதர் தாமே செய்வதாகச் சொல்லியிருக்கிறார்.